ஜப்பான் மேளத்துக்கு வெம்பிளிக் கரி

1. அடுப்பு

நாடகம் வெள்ளிக்கிழமை. செவ்வாய்க்கிழமை மத்தியானம், ஜப்பானில் இருந்து வந்திறங்கிய மேளகாரர் மொரிட்டா ஐயா, தியேட்டருக்குள் தனக்கு ஒரு கரியடுப்பு மூட்டித் தர வேண்டும் என்று கேட்டார்.

பிள்ளைகளே, சனிக்கிழமைத் தமிழ் வகுப்பு ரீச்சர், பெற்றோர் தங்கள் வேலையைப் பற்றி உங்களுக்கு எழுதித் தர வேண்டும் என்று கேட்டதால் இதை எழுதுகிறேன். உங்களில் பலருடைய அப்பா அம்மாமார் கணக்காளர், மருந்தாளர், கொம்பியூட்டர் வேலை. நான் ஓ லெவலோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். எழுத்தில் பிழை இருந்தால் ரீச்சர் திருத்திப் போடுவார்.

நான் ஆற்றங்கரைப் பக்கம் உள்ள ஒரு தியேட்டரில் ஸ்டேஜ் வேலை செய்கிறேன். நடிக்கிற வேலை இல்லை. லொறியில் வருகிற சாமான்களை இறக்கி, ஒன்றோடொன்று பொருத்தி மேடையைப் பூட்டுவோம். அதற்கு 'கெட்-இன்' என்று பெயர். நாடகம் முடிந்ததும் எல்லாவற்றையும் கழற்றி லொறியில் ஏற்றுவோம். அது 'கெட்-அவுட்'. பல வருடம் மற்றவர்கள் சொல்ல நான் தூக்கினேன். பிறகு ஸ்டேஜ் சுப்பர்வைசர் ஆக்கினார்கள். அந்தப் பதவிக்கு வந்தபின் என் பொறுப்பில் விட்ட முதல் நிகழ்ச்சி இந்த ஜப்பான் நிகழ்ச்சி. ரிக்கெற் எல்லாம் விற்று முடிந்திருந்தது. அது நடக்காமல் போனால் முதல் கோணல் முற்றும் கோணல் என்று ஆகிவிடும்.

"அடுப்போ? என்ரை கட்டடத்துக்குள்ளையோ?" என்றார் ஹெலன். அவர் எங்கள் புரொடக்ஷன் மனேஜர், எனக்கு மேலதிகாரி. அவர் பேசுவது இங்கிலீசுதான். என் காதில் எப்படி விழுந்ததோ அப்படித்தான் எனக்கு எழுத வரும். "கூல், அந்த மனுசனுக்குச் சொல்லு. இஞ்சை ஒரு மெழுகுதிரி கொளுத்திறதெண்டாலும் பேர்மிட் வேணும். அலாரம் ஒருக்கா அடிச்சால் முழுச் சனத்தையும் றோட்டிலை இறக்க வேணும்."

என் பெயர் குலசிங்கம். வேலையிடத்தில் அது தேய்ந்து 'கூல்' ஆகிவிட்டது. அந்தக் கிழமை நான் அப்படி இருக்கவில்லை.

மொரிட்டா ஐயாவுக்கு எழுபது வயது தாண்டியிருக்கும். மெலிந்த, நிமிர்ந்த மனிதர். இங்கிலீசு தெரியாது. அவருக்கும் எங்களுக்கும் நடுவில் மொழிபெயர்க்க வந்தவர் மாலதி என்ற சிங்கப்பூர்த் தமிழ்ப் பிள்ளை. ஜப்பானில் படித்து, இங்கே ஒரு வங்கியில் வேலை செய்கிறவர். இந்த நிகழ்ச்சிக்காக லீவு எடுத்து வந்திருந்தார். நான் தமிழ் என்று தெரிந்த நிமிடத்தில் இருந்து ஹெலனுக்கு ஒன்று சொல்லுவார், எனக்கு இன்னொன்று சொல்லுவார்.

"அண்ணே, அவரு சமைக்கக் கேக்கல. மேளத்தோட தோலைச் சுடணுமாம். ஒவ்வொரு தடவையும் வாசிக்கிறதுக்கு முன்னால ஒரு மணி நேரத்துக்கு மேல கரி நெருப்புக்கிட்ட வச்சுக் காய விடணும். இல்லேன்னா அந்தச் சத்தமே வராதாம்."

"அது எனக்கு விளங்குது தங்கச்சி. எங்கடை ஊரிலை பறையையும் நெருப்பிலை காய்ச்சித்தான் அடிக்கிறவை. ஹெலனுக்கெல்லோ விளங்க வேணும்."

ஹெலனுக்கு விளங்கிய ஒரே வழி, மின்சார ஹீற்றர். நான் அதைக் கொண்டு போய் வைத்தேன். மொரிட்டா ஐயா அதைப் பார்த்த பார்வை, பிள்ளையார் கோயிலில் பிளாஸ்ரிக் தேங்காயைக் கொடுத்து உடைக்கச் சொன்னால் ஐயர் பார்ப்பாரே, அந்தப் பார்வை. ஆனாலும் தலையைக் குனிந்து நன்றி சொன்னார்.

2. பேச்சுப் பறைச்சல் இல்லை

ஒரே இரவில் பழைய ஜப்பானையும் புதிய ஜப்பானையும் லண்டன் சனத்துக்குக் காட்டுவது என்பது நிகழ்ச்சியை ஒழுங்கு செய்தவர்களின் எண்ணம். கேட்க நல்ல எண்ணம்தான்.

முதல் பாதி 'நோ' நாடகம். பல நூறு வருடமாக ஆடிவருவது. முகமூடி போட்ட ஒருவர் மிக மெல்ல நடந்து வருவார். அவர் ஒரு காலை எடுத்து மற்றக் காலை வைப்பதற்குள் நீங்கள் ஒரு பெருக்கல் கணக்குச் செய்து முடிக்கலாம். அவர்கள் மேடைப் பலகையையும் தங்களோடு கொண்டு வந்திருந்தார்கள். அதில் சப்பாத்தோடு ஏறக் கூடாது. வெள்ளைக் காலுறை வேண்டும். ஆணி அடிக்கிற எங்கள் ஆட்கள் எல்லோரும் வெள்ளைக் காலுறையோடு நின்றதைப் பார்த்து நான் சிரித்தேன். என் காலிலும் அதுதான் இருந்தது.

அந்த நாடகத்துக்கு ஒரு குழல், இரண்டு மேளம். இரண்டு மேளமும் எங்கள் உடுக்குப் போல இடை ஒடுங்கியவை. ஒன்றை இடுப்பில் வைத்து அடிப்பார்கள், மற்றதைத் தோளில் வைத்து அடிப்பார்கள். இடுப்பு மேளம் மொரிட்டா ஐயாவுடையது. தோள் மேளம் நிஷி என்பவருடையது. அவரும் வயதானவர்தான். ஆனால் கொழுத்த, சிரித்த முகம். வெளியே மழை தூறினால் போதும், யன்னலைத் திறந்துவிட்டு, "லண்டன் நல்ல ஊர், லண்டன் நல்ல ஊர்" என்று தனக்குத் தெரிந்த இங்கிலீசில் சொல்லிக்கொண்டு நிற்பார். நவம்பர் மாதத்து லண்டனை அப்படிப் புகழ்ந்த வேறொருவரை நான் காணவில்லை. மொரிட்டா ஐயா வந்து யன்னலைச் சாத்திவிட்டுப் போவார்.

இரண்டாம் பாதி ரேய்கோ என்ற பெண்ணின் குழு. அவருக்கு நாற்பது வயது இருக்கும், நல்ல இங்கிலீசு பேசுவார். அவர்களுடைய நாடகம் முழுவதும் மழைக்குள். மேலே குழாய் தொங்கவிட்டு, கீழே பெரிய கறுப்புத் தட்டு விரித்து, உண்மைத் தண்ணீரைப் பொழிய விட்டு அதற்குள் விழுந்து எழும்பி ஆடுவார்கள். தண்ணீர்த் தாங்கியும் பம்பும் பின்னால் லொறி வந்து நிற்கிற பெரிய கதவடியில் இருந்தன. அந்த இடத்தை நாங்கள் 'டொக்' என்போம்.

இரண்டு குழுவுக்கும் பேச்சுப் பறைச்சல் இல்லை. நடைபாதையில் எதிரே வந்தால் முறைப்படி குனிவார்கள், போய்விடுவார்கள். ஏதாவது சொல்ல வேண்டும் என்றால் மொரிட்டா ஐயா ஜப்பான் மொழியில் மாலதியிடம் சொல்லுவார். மாலதி அதை இங்கிலீசில் ஹெலனிடமோ என்னிடமோ சொல்லுவார். நாங்கள் போய் ரேய்கோவிடம் இங்கிலீசில் சொல்லுவோம். பதிலும் அதே வழியாகத் திரும்பிப் போகும். ஒரே மொழி பேசுகிற இரண்டு பேருக்கு நடுவில் ஒரு சிங்கப்பூர்ப் பிள்ளையும் ஒரு யாழ்ப்பாணத்தானும் ஒரு வெள்ளைக்காரியும் ஓடித் திரிந்தோம். கலியாண வீட்டில் கோபக்கார மாமாவும் சித்தப்பாவும் ஒரே மேசையில் இருந்துகொண்டு, "தம்பி, அவரிட்டை அந்தச் சாம்பாரை இஞ்சாலை தரச் சொல்லு" என்பார்களே, அதேதான்.

மாலதி எல்லாவற்றையும் சீனி போட்டுத்தான் கொடுத்தார். "மொரிட்டா ஐயா புதிய முயற்சியை ஆர்வத்தோடு கவனிக்கிறார்" என்று ஹெலனிடம் சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"உண்மையிலை என்ன சொன்னவர்?" என்று கேட்டேன்.

"குழாய் உடைஞ்ச வீட்ல பூனைங்க ஓடுற மாதிரி இருக்காம்."

"ரேய்கோ என்ன சொன்னவ?"

"இவங்க மேடையில ஒரு பக்கத்துல இருந்து மறுபக்கம் போறதுக்குள்ள பாக்க வந்தவங்களுக்குத் தாடி மொளைச்சிடுமாம்." பெருமூச்சு விட்டார். "என்னால முடியலண்ணே. இதுக்கு என் பேங்க்லயே இருந்திருக்கலாம்."

3. மழை ஒத்திகை

புதன்கிழமை பின்னேரம் மழையைத் திறந்து பார்த்தோம். பம்பு நன்றாக வேலை செய்தது. ஒரு மணி நேரம் பொழிந்தது. மேடை முழுவதும் குளியலறை போல நீராவிப் புகார் பிடித்தது.

அது முடிந்து தட்டை இழுத்து மூடி, நோ பலகையைத் தள்ளிக்கொண்டு வந்து பூட்டினோம். நோக்காரர் நாளுக்கணக்காகச் சேர்ந்து ஒத்திகை பார்க்கிறவர்கள் இல்லை. ஒருமுறைதான் கூடிப் பார்ப்பார்கள். மொரிட்டா ஐயா ஹீற்றரில் காய வைத்த தோலை இறுக்கிக் கட்டி, கையை ஓங்கி ஒரு அடி அடித்தார்.

நல்ல நாளில் அந்த மேளம் வெண்கலத்தில் கல் எறிந்தது போல 'கண்' என்று பேசும். அன்றைக்கு 'தொப்' என்றது. மெத்தையைத் தட்டியது போல. இன்னொரு அடி. அதுவும் தொப். அவர் மேளத்தை மடியில் வைத்து, கட்டிய கயிற்றை ஒவ்வொன்றாக அவிழ்த்தார். பிறகு மாலதியைக் கூப்பிட்டு மெல்லிய குரலில் ஏதோ சொன்னார்.

மாலதி இந்த முறை சீனி போடவில்லை. "அவரு வெள்ளிக்கிழமை வாசிக்க மாட்டாராம். கோபம் இல்லையாம். இந்தச் சத்தத்தோட ஒக்காந்தா அந்த நாடகத்துக்குத் துரோகமாம்."

இடுப்பு மேளம் இல்லாமல் நோ இல்லை. நோ இல்லாவிட்டால் பாதி நிகழ்ச்சி இல்லை. பாதி நிகழ்ச்சிக்கு யார் ரிக்கெற் எடுத்தார்கள்?

அன்றைக்கு வீட்டுக்குப் போகையில் மெற்றோபொலிற்றன் ரெயிலில் யோசித்துக்கொண்டே இருந்து, நான் இறங்க வேண்டிய ரெய்னர்ஸ் லேனில் இறங்காமல் அடுத்த ஸ்ரேசனுக்குப் போய்த் திரும்பி வந்தேன்.

4. ஹெலன் செய்த நல்ல காரியம்

ஹெலன் கல்நெஞ்சுக்காரி இல்லை. நெருப்புத்தான் தர முடியாது, வெப்பமாவது தருவோம் என்று நினைத்து, நான் போன பிறகு ஒரு பெரிய வெப்பக் காற்று மெஷினையும், காற்றில் உள்ள ஈரத்தை உறிஞ்சுகிற இன்னொரு மெஷினையும் எடுப்பித்து மேளகாரரின் அறையில் வைத்து, விடிய விடிய ஓட விட்டிருக்கிறார்.

மேளகாரரின் அறை என்பது ஒரே அறை. எங்கள் தியேட்டரில் அப்படித்தான். கதவில் 'டிரம்ஸ்' என்று ஒட்டினால் மேளம் அடிக்கிற எல்லோரும் அதற்குள். மொரிட்டா ஐயாவின் மேளமும் நிஷி ஐயாவின் மேளமும் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன.

வியாழக்கிழமை காலை நான் உள்ளே போனபோது நிஷி ஐயா நிலத்தில் இருந்தார். சிரிப்பைக் காணவில்லை. மடியில் தோள் மேளம். தட்டிக் காட்டினார். 'டக்.' பிஸ்கற் பெட்டியில் தட்டியது போல இருந்தது.

மாலதிக்கு அழுகை வரப் பார்த்தது. "அண்ணே, இவரோட மேளம் அப்படி இல்லயாம். இது ஈரம் குடிக்கிற மேளமாம். வாசிக்கிறப்ப நடுநடுவுல தோல் மேல வாயால ஊதுவாரு, பின்பக்கம் எச்சில் தொட்டுச் சின்னக் காகிதம் ஒட்டுவாரு. காஞ்சா போச்சு. இந்தத் தோல் அவரோட குருவுக்கும் முந்தின காலத்துது. வெடிச்சா இன்னொண்ணு கெடையாதாம்."

"ஒரே கூட்டத்திலை பக்கத்திலை பக்கத்திலை இருந்து அடிக்கிற மேளம். ஒண்டுக்கு நெருப்பு, மற்றதுக்கு ஈரமோ?"

"ஆமாண்ணே. ஜப்பான்ல எல்லாருக்கும் தெரியும். ரெண்டு பேருக்கும் எப்பவும் தனித்தனி ரூம். இங்க யாரும் கேக்கல. அவங்களும் சொல்லணும்னு நெனைக்கல."

ஹெலன் வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டார். முகம் வெளிறிப் போயிற்று. "நான் உதவியெண்டு நினைச்சு..." என்று சொல்லிக்கொண்டே போய் மெஷின்களை நிறுத்தினார்.

நிஷி ஐயா எழும்பினார். மேளத்தைக் குழந்தையைப் போல நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நடைபாதையால் நடந்தார். நாங்களும் பின்னால் போனோம். அவர் நேரே மேடைக்குப் போனார். அங்கே ரேய்கோவின் பிள்ளைகள் மழைத் தட்டைத் துடைத்துக்கொண்டு நின்றார்கள். அந்தக் கட்டடத்தில் ஈரமான இடம் அது ஒன்றுதான்.

நோக்காரர் ஒருவர் தங்கள் மேடைக்கு வந்ததைக் கண்டு எல்லோரும் வேலையை நிறுத்தினார்கள். அவர் தட்டின் கரையில், வெள்ளைக் காலுறை நனையாத தூரத்தில், மேளத்தைக் கையில் ஏந்திக்கொண்டு நின்றார். ரேய்கோ அவரைப் பார்த்தார், மேளத்தைப் பார்த்தார். பிறகு பம்படியில் நின்றவருக்குக் கையைக் காட்டி, கொஞ்சமாகத் திறக்கச் சொன்னார். மேடையின் தூரத்துப் பக்கத்தில் மட்டும் தூறல் விழத் தொடங்கியது.

நிஷி ஐயா அந்த ஈரக் காற்றில் நின்று தோலில் மெல்ல மெல்ல வாயால் ஊதினார். இடையிடையே தட்டிப் பார்த்தார். டக். டக். நான் கதிரை ஒன்றைப் பிடித்துக்கொண்டு நின்றேன். பிறகு ஒரு தட்டலில் அந்த டக்குக்குப் பின்னால் ஒரு சின்ன வால் முளைத்தது. அடுத்த தட்டலில் அது நீண்டது. கடைசியில் 'பூம்' என்று, தண்ணீருக்குள் இருந்து வருவது போல உருண்டு வந்தது. தோல் வெடிக்கவில்லை. மாலதி என் கையைப் பிடித்து உலுப்பினார். மழைக்காரப் பிள்ளைகள் கை தட்டினார்கள்.

"இந்தச் சத்தத்தை நான் ரிவியிலை மட்டும்தான் கேட்டிருக்கிறன், கூல்," என்றார் ரேய்கோ. "இவ்வளவு கிட்ட நிண்டு கேட்டதே இல்லை."

அப்போது மொரிட்டா ஐயா திரைக்குப் பக்கத்தில் வந்து நின்றதை நாங்கள் கவனிக்கவில்லை. அவர் அங்கிருந்தே சத்தம் போட்டார். நிஷி ஐயாவும் திருப்பிச் சத்தம் போட்டார்.

"என்ன, என்ன?" என்றேன்.

மாலதி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "இவரு, 'வெக்கமா இல்லையா, நனைஞ்ச நாய் மாதிரி அங்க போய் நிக்கிறே'ன்னாரு. அதுக்கு அவரு, 'நாப்பது வருஷமா உன் நெருப்புக்குப் பக்கத்துல ஒக்காந்து என் தோல் காயுது. ஒரு நாள் மழைக்குப் பக்கத்துல நின்னா உனக்கென்ன'ன்னாரு."

5. ஹோஸ் பைப்

அந்த வெப்பக் காற்றால் மொரிட்டா ஐயாவின் மேளமும் திருந்தவில்லை. தான் செய்த உதவி இப்படிப் போனபின் ஹெலனுக்கு மனம் கேட்கவில்லை. மத்தியானம் என்னைக் கூப்பிட்டார்.

"கூல், கட்டடத்துக்குள்ளை நெருப்பு ஏலாது. டொக்குக்கு வெளியிலை, அந்தக் கூரைக்குக் கீழை எண்டால் நான் பொறுப்பெடுக்கிறன். ஆனா தண்ணி ஹோசோடை ஆக்கள் முழு நேரமும் பக்கத்திலை நிக்க வேணும். எங்கடை ஹோஸ் அவ்வளவு தூரம் வராது."

அவ்வளவு தூரம் வருகிற தண்ணீர் ஒன்றுதான் இருந்தது. ரேய்கோவின் மழைத் தாங்கி. அதற்கு அவர் வெள்ளிக்கிழமை பின்னேரம் வைத்திருந்த கடைசி மழை ஒத்திகையை விட்டுக் கொடுக்க வேண்டும். தண்ணீரும் தன் ஆட்களும் அடுப்படியில் நிற்க வேண்டும்.

நான் போய்க் கேட்டேன். ரேய்கோ கையைக் கட்டிக்கொண்டு நான் சொன்னதைக் கேட்டார். "தாறன். ஆனா அவர் என்னட்டை நேரை வந்து கேக்க வேணும். உங்களிட்டைச் சொல்லி அனுப்பக் கூடாது. ஜப்பானிலை இருந்து ஒரே பிளேன், இஞ்சை ஒரே ஹோட்டல். ஒரு வார்த்தை என்னோடை கதைக்கேல்லை."

மாலதியையும் கூட்டிக்கொண்டு மொரிட்டா ஐயாவிடம் போனேன்.

"எப்படிண்ணே சொல்றது? கொஞ்சம் மாத்தி..."

"வேண்டாம் தங்கச்சி. அப்பிடியே சொல்லுங்கோ. இந்த முறை சீனி போடாதேங்கோ."

மாலதி சொன்னார். மொரிட்டா ஐயா முழுவதையும் கேட்டுக்கொண்டிருந்தார். தலையைக் குனிந்து எங்களை அனுப்பிவிட்டார்.

அவர் ரேய்கோவிடம் போய்க் கேட்பாரோ மாட்டாரோ, கேட்டபின் கரி இல்லை என்று நிற்கக் கூடாது. அவர்கள் விமானத்தில் கரி கொண்டு வரவில்லை. வேலை முடிந்ததும் வெம்பிளியில் இறங்கி எங்கள் ஆட்களின் கடைக்குப் போனேன்.

"புகை இல்லாத கரி இருக்கோ தம்பி?"

கடைக்காரர் வெளியே தூறுகிற மழையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "அண்ணை, நவம்பரிலை பார்பிக்யூ போடுற ஆள் நீங்கள் ஒராள்தான்."

"பார்பிக்யூ இல்லை. ஜப்பான்காரருக்கு மேளம் காய்ச்ச."

"ஆருக்கு?"

"ஜப்பான்காரருக்கு."

அவர் உள்ளே போய் ஊரில் இருந்து வந்த தேங்காய்ச் சிரட்டைக் கரிப் பெட்டி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தார். "இது புகையாது, நிண்டு எரியும். சாம்பிராணிக்கும் இதைத்தான் குடுக்கிறனான். மேளம் நல்லாய் வந்தால் வந்து சொல்லுங்கோ, போர்டிலை எழுதி விடுறன்."

6. வெள்ளிக்கிழமை

டொக்குக்கு வெளியே கூரைக்குக் கீழே இரும்புத் தட்டில் கரியைப் பரப்பி வைத்தேன். கொளுத்தவில்லை. அது மொரிட்டா ஐயா வந்து கேட்ட பிறகுதான் என்பது ரேய்கோவின் பேச்சு. அவர் ஹோசைக் கையில் பிடித்துக்கொண்டு கதவடியில் நின்றார். பக்கத்தில் அவருடைய பம்புக்காரர் இருவர். ஹெலன் உள்ளே அலாரம் போர்டுக்கு முன்னால். மாலதியும் நானும் நடுவில். நேரம் போனது. தோலைச் சுட ஒரு மணி நேரம் வேண்டும். இன்னும் கொஞ்சம் பிந்தினால் கேட்டும் பிரயோசனம் இல்லை.

மொரிட்டா ஐயா வந்தார். தோல்களைத் துணியில் சுற்றிக் கையில் வைத்திருந்தார். முதலில் குனிந்து ஒரு சிரட்டைக் கரியை எடுத்து மூக்கருகே பிடித்து மணந்து பார்த்தார். விரலால் தட்டிப் பார்த்தார். திரும்ப வைத்தார். பிறகு ரேய்கோவுக்கு முன்னால் போய் நின்று, இடுப்பு வளையக் குனிந்து, நாலைந்து வார்த்தை சொன்னார். ரேய்கோ ஏதோ சொன்னார். அவர் திரும்ப ஏதோ சொன்னார். பிறகு இருவரும் ஒரே நேரத்தில் சிரித்தார்கள்.

நான் மாலதியைப் பார்த்தேன்.

"'என் நெருப்பைப் பாத்துக்குங்க'ன்னு கேட்டாரு. அவங்க, 'எனக்கு அணைக்க மட்டும்தான் தெரியும்'னாங்க. அவரு, 'அது தெரிஞ்ச ஆளு பக்கத்துல இருந்தாத்தான் மூட்ட விடுறாங்க'ன்னாரு."

நான் நெருப்பைக் கொளுத்தினேன்.

கரி சிவந்ததும் மொரிட்டா ஐயா தோல்களை நெருப்பைச் சுற்றி வைத்து, திருப்பித் திருப்பிக் காய்ச்சினார். முகம் சிவந்து வியர்த்தது. ரேய்கோ ஹோசோடு அசையாமல் நின்றார். ஒரு சொட்டு அந்தப் பக்கம் தெறித்தது. மொரிட்டா ஐயா துள்ளி எழும்பிக் கத்தினார். ரேய்கோவும் திருப்பிக் கத்தினார். அதன் பிறகு இரண்டு பேரும் ஓயவில்லை. வேகமாக, கையை ஆட்டி ஆட்டி, ஆளுக்கு ஆள் வெட்டிப் பேசிக்கொண்டிருந்தார்கள். மாலதி ஒரு பெட்டியின் மேல் இருந்துகொண்டு தேத்தண்ணி குடித்தார்.

"என்ன சொல்லுகினம்?" என்று பயந்து கேட்டேன்.

"சண்டைதாண்ணே. முகமூடி பெரிசா, மொகம் பெரிசான்னு. எனக்கு வேலையே இல்ல. நேராவே போட்டுக்கிறாங்க."

அவர்கள் நேரே சண்டை பிடிக்கிறார்கள் என்று கேட்டதுதான் அந்தக் கிழமை முழுவதிலும் எனக்கு வந்த நிம்மதியான செய்தி.

அலாரம் அடிக்கவில்லை. கரி புகையவில்லை. ஹெலன் போர்டைப் பார்த்துப் பார்த்துக் கண் வலி என்றார்.

மேடை வெளிச்சம் வந்தது. முகமூடி போட்டவர் மெல்ல நடந்து வந்தார். மேடைக்கு அருகில் என் இடத்தில் இருந்து மொரிட்டா ஐயாவின் கையை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றேன். கை உயர்ந்தது.

'கண்.'

கடைசி வரிசைச் சுவரில் பட்டுத் திரும்பி வந்தது. உடனே பக்கத்தில் இருந்து நிஷி ஐயாவின் மேளம் 'பூம்' என்று அதை ஏந்திக்கொண்டது. ஒன்று வறண்டு வெட்டியது, மற்றது நனைந்து உருண்டது. இரண்டும் ஒரே மாதிரிக் காய்ந்திருந்தால் அந்த இடம் வெறும் தட்டலாக இருந்திருக்கும். நான் அப்போதுதான் ஒரு பெட்டியின் மேல் குந்தினேன்.

இடைவேளையில் பலகையைக் கழற்றி, தட்டை விரித்து, மழைக்கு ஆயத்தமானோம். காலுறை கழற்றி பூட்ஸ் போட நேரம் இல்லாமல் இரண்டு பையன்கள் காலுறையோடே நனைந்தார்கள். கடைசி ஒத்திகை இல்லாமலே மழை பிழையில்லாமல் பெய்தது. பாதியில் திரும்பிப் பார்த்தேன். மொரிட்டா ஐயா உடுப்பு மாற்றி, மேளத்தைப் பெட்டியில் போட்டுத் தூரத்து அறையில் பூட்டிவிட்டு, எனக்குப் பின்னால் நின்றார். கடைசி வரைக்கும் நின்றார். முடிந்ததும் மாலதியிடம் ஏதோ சொன்னார்.

"'பூனைங்க நல்லா ஓடுதுங்க'ன்னு சொல்றாரு," என்றார் மாலதி. "இத நான் ரேய்கோகிட்ட சொல்ல மாட்டேன். அவரே போய்ச் சொல்லட்டும்."

அவரே போய்ச் சொன்னார். உள்ளே இருந்து ரேய்கோவின் சிரிப்புக் கேட்டது.

7. வீட்டில்

சனிக்கிழமை காலை ஹரோவுக்கு வகுப்புக்குக் கூட்டிக்கொண்டு போகும்போது காரில் இதை என் பிள்ளைகளுக்குச் சொன்னேன். மூத்தவள் அபி மிருதங்கம் படிக்கிறாள். பின்சீற்றில் இருந்து சொன்னாள்:

"அப்பா, இட்ஸ் த சேம் வித் மிருதங்கம். வலது பக்கம் காய்ஞ்சு டிறையாய் இருக்கோணும். இடது பக்கத்துக்கு மாஸ்ரர் தண்ணி தடவி, ரவை குழைச்சு ஒட்டுவார். யூ டிட்ன்ட் நோ?"

எனக்குத் தெரியாது. எத்தனையோ வருடமாக அந்த மிருதங்க வகுப்புக்குக் கூட்டிக்கொண்டு போய், வெளியே காருக்குள் இருந்து ரேடியோ கேட்டிருக்கிறேன்.

பிள்ளைகளே, வேலையில் நான் படித்தது இதுதான். ஒரே கதவில் ஒரே பெயரை ஒட்டிவிட்டால் உள்ளே இருப்பவை எல்லாம் ஒன்று என்று நினைக்கக் கூடாது. உதவி செய்யப் போனாலும் முதலில் கேட்க வேண்டும். இப்போது எங்கள் தியேட்டரில் யார் வந்தாலும் கெட்-இன்னுக்கு முன் ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகக் கேட்கிறேன்: உங்கள் சாமானுக்குச் சூடு வேண்டுமா, குளிர் வேண்டுமா, ஈரம் வேண்டுமா? சிலர் சிரிப்பார்கள். பலர் யோசித்துப் பதில் சொல்வார்கள்.

வீட்டிலும் அப்படித்தான். அபியும் தம்பியும் படுக்கிற அறையில் ஹீற்றருக்குச் சண்டை வந்தால் முன்பெல்லாம் "ஒரு வயித்திலை பிறந்ததுகள், உங்களுக்குள்ளை என்ன சண்டை?" என்று கத்துவேன். இப்போது கத்துவதில்லை. தம்பியின் கட்டிலை ஹீற்றர் பக்கத்துக்கும், அபியின் கட்டிலை யன்னல் பக்கத்துக்கும் மாற்றிப் போட்டேன். சண்டை நிற்கவில்லை. ஆனால் நேரே பிடிக்கிறார்கள். என்னிடம் சொல்லி அனுப்புவதில்லை.

வெம்பிளிக் கடைக்காரரிடமும் போய்ச் சொன்னேன். போர்டில் எழுதிவிட்டார்: ஜப்பான் மேளத்துக்கும் உகந்த கரி.